அத்தை அனுப்பிய ஒலிக் கோப்பை நீக்க அனுமதி கேட்டு

நெய்யாஃபு, வவாவுத் தீவு
செவ்வாய்க்கிழமை, மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு

பெருமதிப்பிற்குரிய தோவாகாசே அத்தைக்கு,

முதல் இடம் கடவுளுக்கு, அடுத்த இடம் அரசருக்கு, அதற்கடுத்த இடம் உங்களுக்கு. மிச்சமிருக்கும் வாசல் ஓரத்தில் மரியாதைக்கு இடுப்பில் பாய் கட்டி உட்கார்ந்துகொண்டு, உங்கள் தம்பி மாநாசேயின் மகன் சாலேசி எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். அம்மா நலம். வெள்ளைப் பன்றி ஒன்பது குட்டி போட்டது, ஒன்பதும் நலம். ஆக்லாந்துக் குளிரில் உங்கள் முழங்கால் எப்படி இருக்கிறது என்று அப்பா கேட்கச் சொன்னார், கேட்டுவிட்டேன். நலம் விசாரிப்பு ஒரு பக்கத்துக்குக் குறையக் கூடாது என்றும் சொன்னார். ஆனால் அவர் இப்போது தூங்குகிறார், இன்று செவ்வாய், சனிக்கிழமைக்கு நான்கே நாள் இருக்கிறது. எனவே விசாரிப்பு இத்தோடு முடிந்தது.

விஷயத்துக்கு வருகிறேன். போன மாதம் நீங்கள் அனுப்பிய ஒலிக் கோப்பை எங்கள் கம்ப்யூட்டர்களிலிருந்து நீக்க அனுமதி வேண்டும். உங்களைத் தவிர வேறு யாரும் அந்த அனுமதியைத் தர முடியாது. தராவிட்டால் வருகிற சனிக்கிழமை மூன்று மணிக்கு நம் சபைப் பாடகர் குழு மாநாட்டுப் போட்டியில் பாடும், ஆனால் யாருக்கும் கேட்காது. கேட்காவிட்டால் வரவில்லை என்று கணக்கு. வரவில்லை என்றால், பத்தொன்பது வருடமாக அப்பாவின் கையில் இருக்கும், பாட்டு நடத்தும் கோல் ஃபெலேதியின் கைக்குப் போய்விடும். சபைக் கூட்டத்தில் அப்படித்தான் முடிவாகியிருக்கிறது. பத்தொன்பது வருடத்தில் பதினொரு முறை இரண்டாம் இடம் வந்தவருக்கு இதுவே கடைசி வாய்ப்பு. ஃபெலேதியை உங்களுக்குத் தெரியும். அடிக்குரல் பாடுகிறவன். பாட்டுக்கு நடுவே கொட்டாவி விடுகிறவன்.

அத்தை, நான் சுவாவில் நான்கு வருடம் கம்ப்யூட்டர் படித்தவன். நெய்யாஃபு துறைமுகத்தில் இருக்கும் ஒரே ரிப்பேர் கடை என்னுடையது. ஆகவே நான் சொல்வதை ஒரு பொறியாளன் சொல்வதாக எடுத்துக்கொள்ளுங்கள், மருமகன் சொல்வதாக எடுத்துக்கொண்டால் கோபம் வரும். ஒலியை மேம்படுத்துகிறேன் என்று சொல்லி இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் இந்த மாதிரிக் கோப்பு தனியாக ஓடும் சாஃப்ட்வேர் அல்ல. பாட்டுப் போடுவது, பதிவு செய்வது, வீடியோவில் பேசுவது என்று கம்ப்யூட்டரில் சத்தம் சம்பந்தப்பட்ட எதுவானாலும் அந்த ஒரே பொதுக் கோப்பிடம்தான் வந்து நிற்க வேண்டும். சபைக் கூடத்துக்குப் பின்னால் இருக்கும் ஒரே உமுக் குழி மாதிரி. எல்லா வீட்டுக் கிழங்கும் அதே சூட்டுக் கல்லில்தான் வேகிறது. அந்தக் குழியில் யாராவது மண்ணெண்ணெயைக் கொட்டினால் ஒரு வீட்டுச் சாப்பாடு மட்டும் நாறாது, ஊர்ச் சாப்பாடே நாறும். நீங்கள் அனுப்பியது மண்ணெண்ணெய். மன்னிக்கவும். மிகுந்த அன்போடு அனுப்பிய மண்ணெண்ணெய்.

ஈஸ்டருக்கு நம் குழு பாடியதைக் கம்ப்யூட்டர் வழியாகக் கேட்டுவிட்டு, "தகர டப்பாவுக்குள்ள உக்காந்து பாடுற மாதிரி இருக்குடா தம்பி" என்று நீங்கள் சொன்னது உண்மைதான். அதற்கு ஒரு நல்ல மைக் வாங்கி அனுப்பியிருக்கலாம். நீங்கள் பென் டிரைவ் அனுப்பினீர்கள். அதையாவது ஒரு கவரில் போட்டு அனுப்பியிருந்தால் நேராக என் கடைக்கு வந்திருக்கும், நான் பார்த்துச் சிரித்துவிட்டு மேசைக்குள் போட்டிருப்பேன். நீங்களோ அதை மரப்பட்டைத் துணியில் சுற்றி, மேலே ஒரு ரிப்பன் கட்டி, 'என் தம்பியின் பாடகர் குழுவுக்கு' என்று எழுதி அனுப்பினீர்கள். அவ்வளவுதான், அது கோப்பு இல்லை, அத்தை கொடை ஆகிவிட்டது. அப்பா கறுப்பு உடை உடுத்தி, பெரிய பாயைக் கட்டிக்கொண்டு, இருபது நிமிடம் நன்றியுரை ஆற்றினார். போதகர் லாத்து ஜெபம் பண்ணினார். விருந்துக்கு ஒரு பன்றி போனது. "நகம் அளவு சாமான், இதுக்கு ஒரு பன்றியா?" என்று அம்மா கேட்டதை அப்பா காதில் போட்டுக்கொள்ளவில்லை. துறைமுகத்திலிருந்து ஒரு பிரிண்டரைத் தூக்கிக்கொண்டு நான் வந்து சேர்ந்தபோது பென் டிரைவ் சபைக் கூடத்துக் கம்ப்யூட்டரில் செருகியிருந்தது, சுற்றிலும் ஆட்கள் தலை குனிந்து நின்றார்கள்.

"இது என்ன எழுதியிருக்கு, படி," என்றார் அப்பா.

"ஹெவன்லி64, டி.எல்.எல். இதை யார் எழுதினான்னே தெரியலப்பா. கையொப்பம் இல்ல, ஒண்ணும் இல்ல. போட வேண்டாம்."

"ஹெவன்லின்னா பரலோகம் சம்பந்தப்பட்டது," என்றார் போதகர். "பேரு நல்லாத்தான இருக்கு?"

"அறுபத்து நாலுன்னு எதுக்குப் போட்டிருக்கு?"

"அது அறுபத்து நாலு பிட்டுப்பா, அதாவது இந்த ப்ராசஸர்..."

"நம்ம குழுவுல எத்தனை பேருடா?"

"அறுபத்து மூணு."

"என்னையும் சேர்த்தா?"

சேர்த்தால் அறுபத்து நான்கு. அப்பா கண்ணைத் துடைத்துக்கொண்டார். "அக்கா ஒவ்வொரு தலையா எண்ணி அனுப்பியிருக்காங்க," என்றார். கூடமே விசும்பியது. அந்த விசும்பலுக்கு நடுவே 'சரி' என்ற பொத்தானை அமுக்கியது யார் என்று இன்றுவரை தெரியவில்லை.

அதோடு விட்டார்களா? கொடை வந்தால் பங்கு பிரிக்க வேண்டும் அல்லவா? பன்றியைப் பிரிப்பது போலவே அப்பா அதையும் வரிசைப்படி பிரித்தார். முதல் பங்கு போதகரின் லேப்டாப்புக்கு, இரண்டாவது ஊர்த்தலைவருக்கு, பிறகு பள்ளிக்கூடத்தின் ஏழுக்கு, பிறகு கூட்டுறவுக் கடைக்கு, கடைசியாக, நான் படகுக்காரர் ஒருவரின் ரேடியோவைச் சரிசெய்யப் போயிருந்த நேரத்தில், என் கடையின் மூன்றுக்கும். சபைக் கூடத்தோடு சேர்த்து மொத்தம் பதினான்கு. "ஒருத்தரும் விடுபட்டுட்டோம்னு வருத்தப்படக் கூடாதுடா" என்று எனக்கே சமாதானம் சொன்னார். ஆகவே, வேறொரு கம்ப்யூட்டரில் பாடினால் என்ன என்று நீங்கள் கேட்கலாம், அத்தை. நம் ஊரில் வேறொரு கம்ப்யூட்டர் இல்லை. போனில் பாடினால் என்ன என்றும் கேட்கலாம். மாநாட்டுக்காரர்கள் கம்ப்யூட்டர் வழியாக நேரலையில் பாடினால்தான் ஏற்பார்கள். கப்பல் இயந்திரம் பழுதாகிக் கிடப்பதால் இந்த வருடம் வவாவுக் குழுக்கள் எதுவும் தலைநகருக்குப் போகவில்லை, எல்லாரும் இருந்த இடத்திலிருந்தே பாடுகிறோம்.

கோப்பு வேலையை ஆரம்பித்தது. முதலில் போதகர், ஞாயிறு பிரசங்கத்தை முன்கூட்டியே லேப்டாப்பில் பதிவு செய்தார். நாற்பத்தைந்து நிமிடம். போட்டுப் பார்த்தால் அவர் குரலே இல்லை, பின்னால் அடுப்படியிலிருந்து அவர் மனைவி லெசியெலி அம்மா பேசியது மட்டும் கண்ணாடி மாதிரித் தெளிவாக இருந்தது: "சாப்பாடு ஆறுது... ஏங்க, சாப்பாடு ஆறுது... முடிச்சிட்டீங்களா இல்லையா?" அடுத்து பள்ளிக்கூடம். பிள்ளைகள் நாற்பது பேர் ஒரே குரலில் வாய்ப்பாடு சொன்னதை ஆசிரியை பதிவு செய்தார். வாய்ப்பாட்டைக் காணோம். "ஏய், உக்காரு. மூக்கிலேருந்து கைய எடு" என்பது மட்டும் இருந்தது. இரண்டையும் என் கடைக்குக் கொண்டுவந்தார்கள். நான் பத்து நிமிடத்தில் காரணத்தைக் கண்டுபிடித்தேன். நிறுத்தாமல் ஒரே சீராக நீளும் சத்தம் எல்லாம் இந்தக் கோப்புக்கு இரைச்சல். மின்விசிறி, மழை, இயந்திரம் என்று நினைத்துத் துடைத்துவிடும். விட்டுவிட்டு வருவதுதான் அதற்குப் பேச்சு. பாடகர் குழு என்றால் என்ன? அறுபத்து மூன்று பேர் மூச்சு வாங்குவதே தெரியாமல் சீராக நீட்டுவது. அதாவது ஒரு மிகப் பெரிய மின்விசிறி. இதை நான் அப்பாவிடம் சொன்னேன். "என் குழுவ விசிறிங்கிறியா?" என்று கேட்டுவிட்டு இரண்டு நாள் என்னோடு பேசவில்லை.

போன சனிக்கிழமை ஒத்திகை. தலைநகரில் மாநாட்டுச் செயலாளர் ஹெய்லாலா அம்மா, அந்தப் பக்கம் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தார். இங்கே கூடத்தில் அறுபத்து மூன்று பேர் வெள்ளை உடையில். அப்பா கோலைத் தூக்கினார். அத்தை, பொய் சொல்ல மாட்டேன், அப்படிப் பாடி நான் கேட்டதில்லை. வெளியே நாய்கூட உட்கார்ந்துவிட்டது. நான்கு நிமிடம். முடிந்ததும் அப்பா நெற்றியைத் துடைத்துக்கொண்டு ஸ்பீக்கரைப் பார்த்தார்.

"சரி, ஆரம்பிக்கலாமே," என்றார் ஹெய்லாலா அம்மா.

"பாடி முடிச்சாச்சும்மா," என்றார் அப்பா.

"எங்க பாடுனீங்க? எனக்கு ஒரு ஆம்பளை தனியா உக்காந்து யாரையோ திட்டுறதுதான் கேட்டுச்சு. நான் ஏதோ வீட்டுச் சண்டைன்னு நினைச்சேன்."

"திட்டா? இங்க யாரும் திட்டலையே."

"இருங்க, பதிவாகியிருக்கு. போடுறேன்."

போட்டார். கூடத்தின் இரண்டு பெரிய ஸ்பீக்கரிலும் அப்பாவின் குரல் வந்தது. தேன் மாதிரி, பக்கத்தில் நின்று காதுக்குள் சொல்வது போல, ஒரு எழுத்துகூடச் சிதையாமல்: "மெதுவா... மெதுவாங்கிறேன்... ஃபெலேதி, வாயத் திற. கவா குடிக்க மட்டும்தான் திறக்குமா அது?... ரெண்டாவது வரிசை, தூங்கிட்டீங்களா, எழுந்திரிங்க... ஊர்த்தலைவரே, உங்களப் பாடச் சொன்னேன், கப்பல் ஊதச் சொல்லல... யாரது, ஆடு மாதிரி? ஆடு எங்கேருந்து வந்துச்சு? ஓ... போதகரம்மா."

பத்தொன்பது வருடமாக அப்பா பாட்டு நடத்தும்போது முணுமுணுத்துக்கொண்டே இருந்திருக்கிறார். அறுபத்து மூன்று குரலுக்கு அடியில் அது பத்திரமாக இருந்திருக்கிறது. அப்படி ஒரு பழக்கம் இருப்பது அவருக்கே தெரியாது. நீங்கள் அனுப்பிய கோப்பு அறுபத்து மூன்று பேரையும் ஒதுக்கித் தள்ளிவிட்டு அதை மட்டும் தோண்டி எடுத்து, தூசி தட்டி, மெருகேற்றி ஊருக்கே படைத்தது. லெசியெலி அம்மா பாட்டுப் புத்தகத்தை மூடினார். விசிறியை எடுத்துக்கொண்டார். வாசலைப் பார்த்து நடந்தார். அவர் பின்னால் மேல்குரல் பாடும் பெண்கள் பத்தொன்பது பேரும் வரிசை குலையாமல் வெளியேறினார்கள். ஃபெலேதி மட்டும் கொஞ்சமும் கோபப்படாமல், "அண்ணே, கவா விஷயம் உண்மைதான்" என்றான். அவனுக்கு என்ன, கோல் தன் கைக்கு வந்துகொண்டிருக்கிறது.

அன்று பிற்பகலே நான் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தேன். ஒலி மேம்பாடு என்ற கட்டத்தில் இருக்கும் டிக்கை எடுத்தேன். கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டால் டிக் திரும்ப வந்துவிட்டது. மறுபடி எடுத்தேன், மறுபடி வந்தது. கோப்பையே அழிக்கப் பார்த்தேன். 'பயன்பாட்டில் இருக்கிறது, அழிக்க முடியாது' என்றது. பயன்பாட்டிலிருந்து விடுவித்து, அழிக்கவா என்று கேட்கும் பெட்டி வந்து, 'ஆம்' என்பதன் மேல் விரலை வைத்திருந்தபோது பின்னால் அப்பா.

"என்னடா பண்றே?"

"அழிக்கிறேன்பா."

"எத?"

"அத்தை கோப்ப."

அப்பா கத்தவில்லை. கத்தியிருந்தால் பரவாயில்லை. நாற்காலியைப் பிடித்துக்கொண்டு மெல்ல உட்கார்ந்தார். "அக்கா எனக்குக் குடுத்த கம்பளி ஓட்டையா இருக்கு, நான் அதத் தூக்கிப் போட்டேனா? அக்கா குடுத்த கடிகாரம் ஓடி ஆறு வருஷம் ஆச்சு, கையிலதான கட்டியிருக்கேன்? இன்னைக்கு நீ ஒரு விரலால அக்காவ அழிக்கப் பார்க்குறியா?"

"அத்தைய இல்லப்பா, கோப்ப. ரெண்டு மெகாபைட்டு!"

"எத்தனை பைட்டா இருந்தா என்னடா, அக்கா குடுத்தது."

அரை மணி நேரத்தில் ஊர் முழுக்கச் செய்தி: சாலேசி அவன் அத்தையை அழிக்கப் பார்த்தான். போதகர் என் தலையில் கை வைத்து ஜெபிக்க வந்தார். கூட்டுறவுக் கடைக்காரர் எனக்கு ரொட்டி கொடுக்கும்போது ஒரு மாதிரி பார்த்தார். அம்மா மட்டும், "அடுத்த தடவ கதவச் சாத்திக்கிட்டு அழிடா" என்றாள். இதை நீங்கள் படித்ததாகக் காட்டிக்கொள்ள வேண்டாம்.

ஊர் ஆண்கள் கூடிக் கவா குடிக்கும் வட்டத்தில் விவகாரம் எடுக்கப்பட்டது. கேள்வி இதுதான்: கோப்பு என்பது பன்றியா, பாயா? பன்றி என்றால் வாங்கி, நன்றி சொல்லி, தின்று தீர்த்துவிடலாம், அப்புறம் அது இல்லை என்று யாரும் கேட்க மாட்டார்கள். பாய் என்றால் பேரப்பிள்ளை காலம் வரைக்கும் சுருட்டி வைத்துக் காக்க வேண்டும். மூன்று மணி நேரம் பேசினார்கள். "பங்கு பிரிச்சோம்ல, அப்ப பன்றிதான்" என்றான் ஃபெலேதி. "பிரிச்சும் குறையலையே, பதினாலு பேருக்குக் குடுத்தும் முழுசா இருக்கே, பன்றி அப்படி இருக்குமா?" என்றார் ஊர்த்தலைவர். நானும் இடைமறித்து, அது பன்றியும் இல்லை பாயும் இல்லை, ஒரு கெட்டுப்போன பொதுக் கோப்பு என்றேன். "உனக்கு இன்னொரு கோப்பை கவா வேணுமா தம்பி?" என்றார்கள். கடைசியில் பாய் என்று தீர்ப்பு. பாயைத் திரும்ப எடுத்துக்கொள்ளச் சொல்லும் உரிமை கொடுத்தவருக்கு மட்டுமே.

அதனால் ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் உங்களையே வீடியோவில் கூப்பிட்டோம். உங்களுக்கு ஞாபகம் இருக்கும். உங்கள் முகம் வந்தது, வாய் அசைந்தது, அசைந்துகொண்டே இருந்தது, எங்களுக்கு ஒரு சொல்கூடக் கேட்கவில்லை. திரையில் அக்கா முகம் தெரிந்த கணத்திலிருந்து அப்பா தலையைக் குனிந்துகொண்டு, "ஆமாங்கக்கா... சரிங்கக்கா... ஆமாங்கக்கா..." என்று இருபது நிமிடம். அழைப்பு முடிந்ததும், "அக்கா ஒரு வார்த்த பேசலடா, கோபமா இருக்காங்க" என்று சாப்பிடாமல் படுத்துவிட்டார். இங்கே ஒரு தொழில்நுட்ப உண்மையை நான் சொல்லியே ஆக வேண்டும். நீங்கள் பேசும்போது நிறுத்துவதில்லை, அத்தை. காற்புள்ளி இல்லை, முற்றுப்புள்ளி இல்லை. கோப்பு உங்களை மின்விசிறி என்று நினைத்துத் துடைத்துவிட்டது. அது செய்த ஒரே புரிந்துகொள்ளக்கூடிய தவறு அதுதான்.

போனில் கேட்டுவிடலாம் என்றேன். அக்காவிடம் கொடையைத் திரும்ப எடுக்கச் சொல்வதைப் போனில் கேட்கக் கூடாதாம். கீழேயிருந்து மேலே போவது காகிதத்தில், கையில், பாயோடு போக வேண்டுமாம். மேலேயிருந்து கீழே வருவது எப்படி வேண்டுமானாலும் வரலாமாம். ஆகவே நாளை காலை விமானத்தில் ஏறும் ஃபெலேதியின் மனைவி அகனேசியிடம் இந்தக் கடிதமும், அம்மா இரண்டு வருடமாக முடைந்த பாயும் வருகின்றன. அவள் புறப்படும்வரைக்கும் கடிதம் என்னிடம்தான் இருக்கும். பாயைத் தரும்போது அம்மாவின் முகத்தை நான் பார்க்கவில்லை, பார்க்காமல் இருப்பதே நல்லது என்று தோன்றியது. நீங்கள் செய்ய வேண்டியது ஒன்றே ஒன்று. போதகர் போனுக்கு ஒரு செய்தி: 'எடு.' இரண்டெழுத்து. வெள்ளிக்கிழமைக்குள். பதினான்கு கம்ப்யூட்டரையும் ஒரே மணி நேரத்தில் நான் சுத்தம் செய்துவிடுவேன். பாட்டு தகர டப்பாவுக்குள்ளிருந்து வந்தாலும் பரவாயில்லை, வந்தால் போதும்.

அத்தை, ஒன்று மட்டும். போன சனிக்கிழமையிலிருந்து அப்பா கோலைக் கூடத்தில் வைப்பதில்லை. வீட்டுக்குக் கொண்டுவந்து தலைமாட்டில் வைத்துத் தூங்குகிறார். மற்றதெல்லாம் தொழில்நுட்பம், இதை எப்படிச் சரிசெய்வது என்று எனக்குத் தெரியவில்லை.

உங்கள் வீட்டுக் கூரைமேல் இந்த ஊரின் ஜெபம் எல்லாம் இறங்கட்டும். உங்கள் முழங்கால் வளையட்டும், உங்கள் அடுப்பு அணையாதிருக்கட்டும், பிள்ளைகள் உங்கள் சொல்லை மீறாதிருக்கட்டும். நீங்கள் எங்கே காலை நீட்டி உட்கார்ந்தாலும் அந்த இடத்துக்குக் கீழேயே எங்கள் இடம்.

பணிவுடன்,
சாலேசி

பின்குறிப்பு: புதன்கிழமை காலை. அகனேசி வாசலில் ஹாரன் அடித்துக்கொண்டிருக்கிறாள், கடிதத்தைத் திருத்தி எழுத நேரமில்லை. மேலே எழுதியதில் பன்றிக்குட்டிகள் தவிர எதையும் நம்ப வேண்டாம்.

நேற்று மாலை அப்பா ஒரு பாயைக் கட்டிக்கொண்டு போதகர் வீட்டு வாசலில் தலை குனிந்து உட்கார்ந்தார். லெசியெலி அம்மா ஒரு மணி நேரம் உட்காரவிட்டார். பிறகு, "வர்றேன் மாநாசே, ஆனா ஒரு நிபந்தனை" என்று கையில் கூடையோடு கூடத்துக்கு வந்தார், பின்னால் பத்தொன்பது பேர். மறு ஒத்திகைக்கு ஹெய்லாலா அம்மா திரையில் காத்திருந்தார்: "இன்னைக்கும் திட்டுத்தானா?" லெசியெலி அம்மா கூடையிலிருந்து வேகவைத்த கிழங்கில் நல்ல பெரிய துண்டாக எடுத்து, எல்லார் முன்னாலும் தன் கையாலேயே அப்பாவின் வாயில் வைத்தார். "முழுங்காதீங்க. பாட்டு முடியுற வரைக்கும் அங்கயே இருக்கட்டும். ஆடு சொல்லுது."

அப்பா கோலைத் தூக்கினார். கன்னம் இரண்டும் உப்பியிருந்தது. பாடினார்கள். முடிந்தது. ஸ்பீக்கரில் சத்தமே இல்லை. போச்சு என்று நினைத்தேன். அப்புறம் ஹெய்லாலா அம்மா குரல் வந்தது, மூக்கை உறிஞ்சிக்கொண்டு: "இன்னொரு தடவ பாடுறீங்களா? பதிவுக்கு இல்ல. எனக்காக."

பதிவைப் போட்டுக் காட்டினார். அறுபத்து மூன்று பேர், அத்தை. ஒருவர் விடாமல். தகர டப்பா இல்லை, இரைச்சல் இல்லை, ஊர்த்தலைவர்கூட மனிதர் மாதிரிப் பாடுகிறார். உங்கள் கோப்பு பாட்டை என்றைக்குமே துடைக்க நினைக்கவில்லை. பக்கத்தில் யாராவது விட்டுவிட்டுப் பேசிக்கொண்டிருந்தால் அவரைத் தாங்கிப் பிடிக்கும்; யாரும் பேசாவிட்டால் வருவதை எல்லாம் மெருகேற்றி அனுப்பும். பிரசங்கத்தில் லெசியெலி அம்மா, வகுப்பில் ஆசிரியை, கூடத்தில் அப்பா. மூன்று தடவை என் மூக்குக்கு முன்னால் வந்து நின்றும் நான்கு வருடம் படித்த நான் பார்க்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை உங்கள் குரலைத் தின்றதும் அப்பாவின் 'ஆமாங்கக்கா'தான். நீங்கள் மின்விசிறி இல்லை. எழுதியதை அடித்துவிடலாம் என்றால் பேனா அகனேசியின் பையில் மாட்டிக்கொண்டது, பென்சிலால் எழுதுகிறேன்.

அப்பா இரண்டாம் முறையும் நடத்தினார், கிழங்கை முழுங்காமல், கண்ணீர் வாய் வரைக்கும் வழிந்து. வீட்டுக்கு வரும்போது கோலைக் கூடத்திலேயே வைத்துவிட்டு வந்தார்.

ஆகவே பாயை வைத்துக்கொள்ளுங்கள், திருப்பி அனுப்பினால் அம்மாவைத் தவிர எல்லாருக்கும் வருத்தம். அனுமதி மட்டும் தராதீர்கள், அத்தை. குழு முழுக்கச் சேர்ந்து கேட்டுக்கொள்கிறது, ஃபெலேதிகூட. நீங்கள் 'எடு' என்று ஒரு சொல் அனுப்பினால் அப்பா முதலில் எடுப்பது கோப்பை அல்ல, வாயில் இருக்கும் கிழங்கை.